மதுரைய நடந்து பாக்கறதுக்கு தனி கைடு போடணுமா, கும்பலோட போலாமா, நாமளே போயிடலாமா?

போன வாரம் சித்தி பொண்ணு பெங்களூர்ல இருந்து போன் பண்ணா. டிசம்பர் லீவுக்கு மாமியார் மாமனார் ரெண்டு பசங்களோட மதுரைக்கு ரெண்டு நாள் வர்றாங்களாம், நெட்ல பாத்தா நமக்குன்னு தனியா ஒரு கைடு கூடவே நடந்து ஊர சுத்திக் காட்டறதுக்கு மூவாயிரம் நாலாயிரம்னு போட்டிருக்கான், அதே ஊர கும்பலா கூட்டிட்டுப் போறதுக்கு தலைக்கு ஐநூறுன்னு போட்டிருக்கான், நம்ம மீனாட்சி கோயில நமக்கே காட்டறதுக்கு எதுக்குக்கா இவ்ளோ காசு, நீ அடிக்கடி போறவளாச்சே என்ன சொல்றன்னு கேட்டா. போன்ல அரை மணி நேரம் பேசியும் முழுசா சொல்லி முடிக்கல, அதான் உக்காந்து எழுதிட்டேன், இதே கேள்வியோட இருக்கற மத்தவங்களுக்கும் ஆகும்ல.

நான் மூணு விதமாவும் போயிருக்கேன். 2017ல காலேஜ் ஃப்ரெண்டு ஒருத்தியோட கையில மேப் மட்டும் வச்சுகிட்டு, 2019ல இருபது பேர் இருந்த ஒரு ஹெரிடேஜ் வாக்ல, போன வருஷம் ஜனவரில அப்பா அம்மா அக்கா மாமா அக்கா பையன்னு குடும்பமா தனி கைடு போட்டு. என் முடிவ முதல்லயே சொல்லிடறேன். கோயிலுக்குள்ள காட்டறதுக்காக கைடு போடறதா இருந்தா நம்ம ஆளுங்களுக்கு பெருசா தேவப்படாது. கோயிலுக்கு வெளிய இருக்கற ஊர காட்டறதுக்காக போட்டா குடுத்த காசு தகும், வயசானவங்க கூட வந்தா ரெண்டு மடங்கு தகும்.

இது ஏன்னா, வெளிநாட்டுல இருந்து வர்றவங்களுக்கு மீனாட்சி யாரு சொக்கநாதர் யாருன்னு ஆரம்பத்துல இருந்து சொல்லணும், அவங்களுக்கு கைடு இல்லாம அந்த கோயில் வெறும் கல்லும் கலருமா தான் தெரியும். எங்கம்மாவுக்கு அப்படி இல்ல. மீனாட்சி தடாதகைப் பிராட்டியா திக்விஜயம் போய் கயிலாயத்துல சொக்கன பாத்த உடனே மூணாவது தனம் மறைஞ்சதுல இருந்து, வெள்ளியம்பலத்துல கால் மாறி ஆடினது, வந்திக் கெழவிக்காக பிட்டுக்கு மண் சுமந்து பிரம்படி பட்டது வரைக்கும் அம்மாவே நிறுத்தாம சொல்லுவாங்க, கைடு நடுவுல ஒண்ணு மாத்தி சொன்னா திருத்தவும் செய்வாங்க. ஆனா அதே அம்மாகிட்ட, வெளி வீதிக்கு ஏன்மா வெளி வீதின்னு பேரு, பெருமாள் மேஸ்திரி வீதில அந்த மேஸ்திரி யாருன்னு கேட்டா தெரியாது. எனக்கும் தெரியாம தான் இருந்துச்சு. நாப்பது தடவ மதுரை போனவங்களுக்கும் தெரியாத ஊரு ஒண்ணு அந்த கோயில சுத்தி இருக்கு, அத காட்டத்தான் ஆள் வேணும்.

முதல்ல நாமளே போறதப் பத்தி. திருப்பூர்ல ராத்திரி பஸ் ஏறி விடியக்காலைல ஆரப்பாளையத்துல இறங்கினோம். ரூம்ல பைய போட்டுட்டு அஞ்சரைக்கே கிளம்பி மாசி வீதி நாலையும் சுத்தி வந்தோம், அந்த நேரத்துல மதுரை ரொம்ப அழகா இருக்கும், வாசல் தெளிச்சு கோலம் போட்டுகிட்டு இருப்பாங்க, மல்லிகப்பூ மூட்டை சைக்கிள்ல போகும், தூரத்துல கோபுரம் மட்டும் மேல வெளிச்சமா தெரியும். மேலமாசி வீதில ஒரு கடைல நின்னு டீ குடிச்சோம், எதுத்தாப்புல கதர் கடை ஒண்ணு பூட்டியிருந்துச்சு. பாத்தோம், நடந்துட்டோம். ரெண்டு வருஷம் கழிச்சு தான் தெரிஞ்சுது, காந்தி 1921 செப்டம்பர்ல வந்து தங்கினது அந்த வீட்டு மாடில தான், 22ஆம் தேதி காலைல சட்டையையும் நீள வேட்டியையும் விட்டுட்டு அரை வேட்டியோட வெளிய வந்ததும் அங்க இருந்து தான். அதுக்கு அப்புறம் கடைசி வரைக்கும் அவர் உடுத்தினது அதே உடுப்பு தான். அந்த வாசலுக்கு நேரா பத்து நிமிஷம் நின்னு டீ குடிச்சிருக்கோம், ரெண்டு பேருக்கும் தெரியல. இது தான் நாமளே போறதுல இருக்கற நஷ்டம். விட்டது என்னன்னே தெரியாது, அதனால வருத்தம்கூட அப்ப வராது.

லாபமும் இருக்கு, அத மறைக்க மாட்டேன். பொற்றாமரைக் குளத்து படில ஒரு மணி நேரம் சும்மா உக்காந்திருந்தோம், யாரும் வாங்க அடுத்தது பாக்கணும்னு சொல்லல. கிளிக்கூட்டு மண்டபத்துல ஒரே சிற்பத்த எவ்ளோ நேரம் வேணும்னாலும் பாக்கலாம். சாமி கும்பிட வர்றவங்களுக்கு இந்த அமைதி தான் முக்கியம், அதுக்குள்ள ஒரு ஆள் பேசிக்கிட்டே கூட வந்தா சரியா வராது. ரெண்டாவது தடவ, மூணாவது தடவ வர்றவங்க தாராளமா தனியா போகலாம், ஆனா போறதுக்கு முன்னாடி ரெண்டு நாள் உக்காந்து படிச்சுட்டு போங்க.

நிறைய பேர் சொல்றது, போன்லயே ஆடியோ கைடு இருக்கே, யூடியூப்ல எல்லாமே இருக்கே, காதுல மாட்டிகிட்டு போனா போதாதான்னு. மத்த ஊருக்கு அது சரியா வரலாம், மதுரைக்கு வராது. 2018 பிப்ரவரில வீரவசந்தராயர் மண்டபத்துல தீ பிடிச்சு நிறைய சேதம் ஆச்சுல்ல, அதுக்கப்புறம் கோயிலுக்குள்ள செல்போன் கூடாதுன்னு ஆயிடுச்சு. வாசல் கவுன்டர்ல போன குடுத்து டோக்கன் வாங்கிட்டு தான் உள்ள போகணும். எந்த இடத்துல உங்களுக்கு விளக்கம் வேணுமோ அங்க உங்க கையில போனே இருக்காது. வெளிய வீதில கேக்கலாம்னா, டூவீலரும் ஷேர் ஆட்டோவும் தோள உரசிகிட்டு போற எடத்துல காத அடைச்சுகிட்டு நடக்கறது ஆபத்து, பசங்க கூட இருந்தா கூடவே கூடாது. இந்த வழிய நான் சிபாரிசு பண்ண மாட்டேன், படிக்கறதோ பாக்கறதோ ரூம்லயே முடிச்சுட்டு வாங்க.

அப்புறம் ஆட்டோக்காரரே கைடா வர்றது. ஸ்டேஷன் வாசல்லயே கேப்பாங்க, கோயில், திருமலை நாயக்கர் மஹால், தெப்பக்குளம், காந்தி மியூசியம் எல்லாம் காட்டறேன்னு. வண்டியா பாத்தா நல்லது தான், தெப்பக்குளமும் தமுக்கத்துல இருக்கற காந்தி மியூசியமும் நடக்கற தூரத்துல இல்ல. ஆனா பாதி பேர் இடத்துல இறக்கி விட்டுட்டு வெளிய நிப்பாங்க, அவங்க வேல அது தான், அதுல தப்பு சொல்ல முடியாது. கோயில் வாசல் பக்கம் நின்னு, மாடில இருந்து கோபுரம் நல்லா தெரியும் வாங்கன்னு கூப்பிடறவங்கள மட்டும் நம்பி போயிடாதீங்க. 2017ல நாங்க போனோம். மாடிக்கு ஏறறதுக்கு மூணு மாடி கடைய தாண்டித்தான் ஏறணும், இறங்கறப்ப ஒவ்வொரு மாடிலயும் சால்வைய விரிச்சு போட்டாங்க, முக்கா மணி நேரம் போச்சு, எதுவும் வாங்காம வந்ததுக்கு மொகத்த வேற திருப்பிக்கிட்டாங்க. கோயில் மத்தியானம் பன்னெண்டரைக்கு நடை சாத்தினா சாயங்காலம் நாலு மணிக்கு தான் திறப்பாங்க, அந்த முக்கா மணி நேரத்துல அன்னிக்கு ஆயிரங்கால் மண்டபமே எங்களுக்கு போயிடுச்சு. மதுரைல காச விட நேரத்த தான் பாத்து செலவு பண்ணணும்னு அன்னிக்கு தெரிஞ்சுகிட்டேன்.

கும்பலா போறது, அதாவது ஹெரிடேஜ் வாக். தலைக்கு ஒரு தொகை, இல்லன்னா சில அமைப்புகள் இலவசமாவே நடத்தறாங்க. மதுரைய சுத்தி இருக்கற குன்றுகளுக்கு போகணும்னா எழுத்தாளர் அ. முத்துகிருஷ்ணன் 2010ல ஆரம்பிச்ச பசுமை நடை இருக்கு, யானைமலை, கீழக்குயில்குடி சமணர் மலைன்னு கூட்டிட்டுப் போய் அங்க வச்சே கல்வெட்டும் தமிழிங்கற பழைய தமிழ் எழுத்தும் தெரிஞ்சவங்கள பேச வைப்பாங்க, அதுக்கு ஈடா காசு குடுத்து போற எதையும் நான் பாக்கல. ஆனா அது ஊருக்கு வெளிய, அவங்க வைக்கற தேதிக்கு நாம போகணும். சித்தி பொண்ணு வர்ற ரெண்டு நாள்ல அமையறது கஷ்டம்.

ஊருக்குள்ள 2019ல நான் போன வாக்ல இருபத்தி ரெண்டு பேர். கூட்டிட்டுப் போனவர் விஷயம் தெரிஞ்சவர் தான், ஆனா எழுகடல் தெருல நின்னு அவர் பேசறப்ப முன்னாடி இருந்த ஏழெட்டு பேருக்கு தான் கேட்டுச்சு, பின்னாடி இருந்த எங்களுக்கு ஹாரன் சத்தம் தான். மீனாட்சியோட அம்மா காஞ்சனமாலை கடல்ல நீராடணும்னு கேட்டப்ப சிவன் ஏழு கடலையும் வரவழைச்ச குளம் இங்க தான் இருந்துச்சுன்னு அவர் சொன்னத பக்கத்துல இருந்தவர் திருப்பி சொல்லி தான் தெரிஞ்சுகிட்டேன், இப்ப அங்க குளம் இல்ல, கடைங்க தான். ஒருத்தர் போட்டோ எடுக்க நின்னா இருபது பேர் நிக்கணும், ஒருத்தருக்கு பாத்ரூம் வந்தாலும் அப்படித்தான்.

ஆனா தனி கைடுகிட்ட கிடைக்காத ஒண்ணு அங்க கிடைச்சுது. எங்க கூட வந்த ஒரு சௌராஷ்டிரா அம்மா, அறுபது வயசு இருக்கும், சுங்குடிய பத்தி பேச்சு வந்தப்ப கைடு ரெண்டு வரி சொல்லிட்டு நகரப் பாத்தாரு, இவங்க நில்லுங்கன்னு சொல்லி தான் கட்டியிருந்த சேலை முந்தானைய விரிச்சு காட்டினாங்க. ஒவ்வொரு புள்ளியும் நகத்தால துணிய கிள்ளி நூல்ல முடிச்சு போட்டு சாயத்துல முக்கறது, சாயம் காஞ்சப்பறம் முடிச்ச அவுத்தா அந்த எடம் மட்டும் வெள்ளையா புள்ளியா நிக்கும், அவங்க பாட்டி ஒரு சேலைக்கு ஆயிரக்கணக்குல முடிச்சு போடுவாங்களாம். இப்ப அச்சு போட்டதையும் சுங்குடின்னு தான் விக்கறாங்க, நிஜ முடிச்சு சேலைன்னா புள்ளிய தடவிப் பாத்தா துணி லேசா சுருங்கி மேல எழும்பி இருக்கும்மா, அச்சுல அது வராதுன்னு சொல்லி என் விரல புடிச்சு அந்த புள்ளி மேல வச்சாங்க. கும்பல்ல இந்த மாதிரி ஒருத்தர் வந்து அமையறது நம்ம அதிர்ஷ்டம். தனியா வர்றவங்க, வயசு பசங்க, நாலு பேர்கிட்ட பேசணும்னு ஆசப்படறவங்களுக்கு கும்பல் தான் சரி, காசும் கம்மி.

இப்ப தனி கைடு. போன வருஷம் நாங்க போட்டது சுற்றுலாத் துறை அடையாள அட்டை வச்சிருக்கற ஒரு பெரியவர், பேர் சொல்ல வேண்டாம், மதுரைலயே பொறந்து வளந்தவர். நாலு மணி நேரத்துக்கு 3,000 ரூபா பேசினோம், தலைக்கு இல்ல, மொத்தமா. ஆறு பேருக்கு பிரிச்சா ஐநூறு தான், கும்பல்ல போனாலும் அதே தான் ஆகியிருக்கும். இத முதல்ல கணக்கு போட்டுப் பாருங்க, ஆள் கூட கூட தனி கைடு விலை எறங்கிகிட்டே வரும், ஒரே ஆளா போனா தான் அது ரொம்ப அதிகம்.

காலைல ஆறரைக்கு கீழச் சித்திரை வீதில வந்து நின்னாரு. உள்ள போலாமான்னு அப்பா கேட்டதுக்கு, கோயிலுக்கு உங்களுக்கு நான் வேண்டாங்கய்யா, சாயங்காலம் நீங்களே நிம்மதியா கும்பிடுங்க, இப்ப வெளிய வாங்கன்னு அவரே சொன்னாரு. இவர் சரியான ஆளுன்னு எனக்கு அப்பவே தெரிஞ்சுது.

புதுமண்டபத்து முன்னாடி நின்னுகிட்டு அப்பாகிட்ட கேட்டாரு, "ஐயா, வீதிக்கெல்லாம் மாசத்து பேரு தான வச்சிருக்கு, சித்திரைத் தேரு எந்த வீதில ஓடுது?"

அப்பா டக்குனு, "மாசி வீதில"ன்னு சொல்லிட்டு அவரே நின்னுட்டாரு. "ஆமா, ஏன் அப்படி?"

"அம்புட்டு வருசமா பாக்குறீங்க, இப்பத்தான கேக்குறீங்க" அப்படின்னு சொல்லிட்டு கதைய எடுத்தாரு. கோயில சுத்தி வீதி அடுக்கடுக்கா இருக்கு, உள்ள ஆடி வீதி, மதிலுக்கு வெளிய சித்திரை வீதி, அப்புறம் ஆவணி மூல வீதி, அப்புறம் மாசி வீதி, கடைசியா வெளி வீதி. எந்த மாசத் திருவிழா எந்த வீதில நடந்துச்சோ அந்த பேர். திருமலை நாயக்கர் காலத்துல மாசில நடந்துகிட்டு இருந்த மீனாட்சி கல்யாணத்தையும் தேரையும் அழகர் ஆத்துல இறங்கற சித்திரைக்கு மாத்தி ரெண்டையும் ஒண்ணாக்கினாங்கன்னு சொல்வாங்க, தேர் ஓடற அகலம் மாசி வீதிக்கு தான இருக்கு, அதனால மாசம் மாறியும் தேர் பழைய வீதிலயே ஓடுது. அப்பாவுக்கு எழுபத்தி ஒண்ணு வயசு, சின்ன வயசுல இருந்து சித்திரைத் திருவிழா பாக்கறவரு, அந்த எடத்துல அவர் முகத்த நீங்க பாத்திருக்கணும்.

அங்க இருந்து ராயகோபுரம், கட்டி முடிக்காம அடிப்பாகத்தோட நின்னு போனது, நிலைக்கல்லோட உயரத்த பாத்தாலே முடிஞ்சிருந்தா என்ன உயரம் வந்திருக்கும்னு மலைப்பா இருக்கும். அப்புறம் கீழமாசி வீதி வழியா விளக்குத்தூண். ஜிகர்தண்டா குடிக்க எல்லாரும் போற எடம் தான், நானும் போயிருக்கேன், தூண நிமிந்து பாத்ததில்ல. மதுரைய சுத்தி கோட்டைச் சுவர் இருந்துச்சாம், வெளிய அகழி. 1840கள்ல கலெக்டரா இருந்த பிளாக்பர்ன் ஊர் நெரிசல் தாங்கலன்னு கோட்டைய இடிச்சு அகழிய மூடச் சொன்னாரு, இடிக்கற ஜனங்களுக்கு அந்த எடமும் குடுத்தாங்க. அப்படி வந்தது தான் வெளி வீதி. அந்த வேலைய முன்ன நின்னு பாத்த பெருமாள் மேஸ்திரி பேரும் மாரட் பேரும் அங்க அங்க தெருவுக்கு வச்சாங்க, கலெக்டருக்கு இந்த விளக்குத்தூண். பெரியார் பஸ் ஸ்டாண்டு பக்கத்துல கோட்டைல ஒரு துண்டு மட்டும் இன்னும் மிச்சம் இருக்கு. மாரட் வீதில நாங்க எத்தன தடவ நடந்திருப்போம், அது ஏதோ மார்க்கெட்டுன்னு சொல்ல வந்து திரிஞ்ச பேருன்னு தான் மாமா இத்தன நாளும் நெனச்சுகிட்டு இருந்தாரு.

அடுத்தது தான் எனக்கு மறக்க முடியாதது. விளக்குத்தூண் தாண்டி ஒரு சந்துக்குள்ள கூட்டிட்டுப் போனாரு, இங்கிட்டு வாங்க இங்கிட்டு வாங்கன்னு. கடைங்க எல்லாம் இன்னும் திறக்கல, ஷட்டர் இறக்கி இருக்கு, கரண்டு கம்பி குறுக்க நெடுக்க தொங்குது, அந்த சந்துல வரிசையா பெரிய பெரிய கல் தூண், மேல கூரை எதுவும் இல்ல, வெறும் தூண் மட்டும் வானத்துல முட்டிகிட்டு நிக்குது. பத்துத்தூண். அக்கா பையன கூப்பிட்டு, இத கட்டிப்புடி தம்பின்னாரு. அவன் கைய விரிச்சு கட்டிப்புடிச்சான், பாதிகூட சுத்தல, அக்காவும் சேந்து புடிச்சா, அப்பவும் மிச்சம் இருந்துச்சு. கல்லு காலைல ஜில்லுன்னு இருந்துச்சு, ஒரு தூண்ல ஆணி அடிச்சு கயிறு கட்டியிருந்தாங்க, பகல்ல அதுல நைட்டியும் துண்டும் தொங்குமாம், பத்து மணிக்கு மேல வந்தா துணிக்கு பின்னாடி தூண் இருக்கறதே தெரியாது, அதுக்குத்தான் ஆறரைக்கு வரச் சொன்னேன்னாரு.

பையன் கேட்டான், இது எந்த கோயில் தாத்தான்னு. "கோயில் இல்ல தம்பி, திருமலை நாயக்கர் அரண்மனை. நீ இப்ப அரண்மனைக்குள்ள தான் நிக்குற." பக்கத்து தெரு நவபத்கானா தெரு, அரண்மனைல வேளைக்கு வேளை மேளமும் வாத்தியமும் வாசிச்ச எடம், தெரு பேர்ல மட்டும் அது மிச்சம் இருக்கு. 1636ல கட்டின அந்த அரண்மனைல நாம டிக்கெட் வாங்கி பாக்கற மஹால் ஒரு பகுதி தான், நாயக்கரோட பேரன் சொக்கநாதர் தலைநகர திருச்சிக்கு மாத்தினப்ப நிறைய பிரிச்சு எடுத்துட்டுப் போயிட்டாங்க, மிச்சத்த நேப்பியர் கவர்னரா இருந்தப்ப 1866ல இருந்து 1872 வரைக்கும் சரி பண்ணினாங்க. இதெல்லாம் மஹாலுக்குள்ள போர்டுல படிச்சிருக்கேன், மனசுல நிக்கல. துணிக்கடை சந்துல நின்னு அந்த தூண தொட்டப்பறம் மஹாலுக்குள்ள போனா தான் எவ்ளோ போச்சுன்னு புரியுது. எனக்கு நெஜமாவே தொண்ட அடைச்சுது.

நடுவுல அம்மாவுக்கு முட்டி வலி ஆரம்பிச்சுடுச்சு. அம்மா வாய திறந்து சொல்லல, சொல்ல மாட்டாங்க. கைடு தான் கவனிச்சாரு, படி ஏறறப்ப செவுத்த புடிக்கறாங்கன்னு. வடக்குப் பக்கம் போறதா இருந்தத அப்படியே விட்டுட்டு, தெரிஞ்ச கடைல ரெண்டு ஸ்டூல் வாங்கிப் போட்டு அப்பா அம்மாவ உக்கார வச்சு பருத்திப்பால் வாங்கிக் குடுத்து, மீதி கதைய உக்காந்தே சொன்னாரு. 1939 ஜூலை 8ஆம் தேதி வைத்தியநாத ஐயர், கோயிலுக்குள்ள விடாம வச்சிருந்த சாதிகள்ல இருந்து கக்கன் உள்பட சிலர கூட்டிட்டு மீனாட்சி கோயிலுக்குள்ள போனது, அதுக்கு முன்னாடி தலைமுறை தலைமுறையா அந்த வாசலுக்கு வெளிய நின்னவங்க கதை, அம்மா கண்ணத் தொடச்சுகிட்டே கேட்டுகிட்டு இருந்தாங்க. இருபது பேர் கும்பல்ல ஒருத்தருக்கு முட்டி வலிச்சா யாரும் நிக்க மாட்டாங்க, அவங்க மேல தப்பும் இல்ல. தனி கைடுக்கு குடுக்கற காசு தகவலுக்கு இல்ல, நம்ம வீட்டு அம்மா அப்பா நடக்கற வேகத்துக்கு ஒருத்தர் கூட நடக்கறதுக்கு தான்னு நான் நெனைக்கறேன்.

தனி கைடுல இருக்கற ஆபத்தையும் சொல்லணும். எல்லாமே அந்த ஒருத்தர நம்பித்தான். ஆள் சரியில்லன்னா நாலு மணி நேரமும் வீண், கும்பல்னா பக்கத்துல இருக்கறவங்ககிட்டயாவது பேசலாம். என் கூட வேல பாக்கற ஒருத்தங்க ஊர் பேர் தெரியாத ஆள போன்லயே முழு பணமும் அனுப்பி புக் பண்ணி, அவர் மனப்பாடம் பண்ணினத இங்கிலீஷ்ல ஒப்பிச்சுட்டு நடுவுல கேள்வி கேட்டா முதல்ல இருந்து ஆரம்பிச்சாராம், அதுல ரெண்டு கடைக்கு வேற கூட்டிட்டுப் போயிருக்காரு. அதனால பேசறப்பவே கேட்டுடுங்க. கோயிலுக்கு வெளிய எந்தெந்த இடம் காட்டுவீங்கன்னு கேளுங்க, பத்துத்தூண், ராயகோபுரம், விளக்குத்தூண் இதுல ஒண்ணாவது அவரா சொன்னா ஆள் நல்ல ஆளு, சேலைக் கடை கைவினைக் கடைன்னு சொன்னா விட்டுடுங்க. கடைக்கு போக வேண்டாம்னு முன்னாடியே கறாரா சொல்லிடுங்க, நல்ல கைடு கோச்சுக்க மாட்டாரு. தொகை மொத்தத்துக்கா தலைக்கான்னு கேளுங்க, மஹால் டிக்கெட்டும் ஆட்டோ காசும் அதுல சேருமான்னும் கேட்டுக்கங்க. அடையாள அட்டைய பாருங்க. முழு பணத்தையும் முன்னாடியே குடுக்காதீங்க. தமிழ்ல தான் பேசணும்னு சொல்லிடுங்க, பெங்களூர் பசங்களுக்கு தமிழ் புரியும்ல, மாமியாருக்கும் அப்பத்தான் ஒட்டும்.

சித்திரைத் திருவிழா நேரத்துல எந்த நடையும் வேண்டாம், அப்ப மதுரைல கூட்டம் போற பக்கம் தான் நாமளும் போக முடியும், கைடு வச்சும் பிரயோஜனம் இல்ல, திருவிழாவ மட்டும் பாருங்க. ஏப்ரல் மே வெயில்ல பகல்ல கல் தரைல செருப்பில்லாம கால் வைக்க முடியாது. டிசம்பர் ஜனவரி நல்லது, ஆனா ஐயப்ப பக்தர்கள் கூட்டம் கோயில்ல நிறைய இருக்கும், தரிசனத்துக்கு நேரம் கூட வச்சுக்கணும்.

அதனால சித்தி பொண்ணுக்கு நான் போட்டுக் குடுத்தது இது தான். முதல் நாள் காலைல ஆறரைல இருந்து பத்து வரைக்கும் தனி கைடு, வெளி வீதி கதைல ஆரம்பிச்சு ஒன்பது மணிக்கு மஹால் திறக்கறப்ப அங்க போய் முடியற மாதிரி, கோயில்ல இருந்து மஹாலுக்கு கிட்டத்தட்ட ஒண்ணரை கிலோமீட்டர் தான், நடுவுல மாமனார் மாமியாருக்கு ரெண்டு எடத்துல உக்காந்து எந்திரிக்கணும்னு முன்னாடியே சொல்லிடணும். பத்து மணியோட அவருக்கு பணம் குடுத்து அனுப்பிடலாம், முழு நாளுக்கு போட வேண்டாம், மத்தியானம் நடை சாத்தியிருக்கற நேரத்துக்கும் சேத்து காசு குடுக்கற மாதிரி ஆயிடும். மத்தியானம் ரூம்ல தூங்குங்க. சாயங்காலம் அஞ்சு மணிக்கு குடும்பத்தோட நீங்களே கோயிலுக்கு போங்க, யாரும் கூட வேண்டாம், அம்மன் சன்னதி வழியா அஷ்டசக்தி மண்டபத்துல நுழைஞ்சு நிதானமா பாருங்க, ஆயிரங்கால் மண்டபத்துல பசங்கள தூண எண்ணச் சொல்லுங்க, 985 தான் வரும். ரெண்டாவது நாள் ஒரு ஆட்டோ பேசிகிட்டு மேலமாசி வீதி கதர் கடை, காந்தி மியூசியம், தெப்பக்குளம்.

மாமியாருக்கு பள்ளியறை பூஜை பாக்கணும்னு ரொம்ப நாள் ஆசையாம். அதுக்கு ராத்திரி ஒன்பது மணிக்குள்ள உள்ள இருந்துடணும், போன வாசல்ல குடுத்துட்டு, சுவாமி பல்லக்கு அம்மன் சன்னதிக்கு வர்ற வழில ஓரமா அவங்கள முன்னாடியே ஒரு எடமா பாத்து உக்கார வச்சுடுன்னு சொல்லியிருக்கேன். பசங்க தூங்கி விழுந்தா மாப்பிள்ள ரூமுக்கு கூட்டிட்டுப் போகட்டும், அவ மட்டும் மாமியார் கூட இருக்கட்டும்.